நிலவறைப் படங்கள்: எங்கே தொடங்கலாம், எப்படிப் பார்க்கலாம்

மண்ணுக்கடியில் ஓர் அறை. அதை மூடிச் சில ஆயிரம் ஆண்டுகள் ஆகிவிட்டன. ஒருவர் வந்து அதைத் திறக்கிறார். இந்தச் சின்னக் கருவை வைத்துக்கொண்டு உலக சினிமா தொண்ணூறு ஆண்டுகளுக்கும் மேலாகச் சாகசப் படங்களையும் திகில் படங்களையும் எடுத்துத் தள்ளியிருக்கிறது. எண்ணிக்கை அதிகம், தேறுவது குறைவு. கண்ணில் பட்டதை முதலில் போட்டவர்கள் ஒன்றிரண்டு மட்டமான படங்களோடு, ‘எல்லாம் ஒரே கதைதானே’ என்று விலகிவிடுகிறார்கள். அப்படி விலகினால் இழப்பு பெரிது. ஆகவே வரிசை முக்கியம்.

தொடங்கும் முன் ஒரு கேள்வியை மனத்தில் வைத்துக்கொள்ளுங்கள்: அந்தக் கதவு யாருடையது? பேய் எப்படி இருக்கிறது, பொறி எப்படி வேலை செய்கிறது என்பதெல்லாம் இரண்டாம் பட்சம். திறக்கிறவருக்கு அந்த அறையில் என்ன உரிமை, அவர் திறந்ததற்கு யார் விலை கொடுக்கிறார்கள் என்ற இடத்தில்தான் நல்ல படமும் சாதாரணப் படமும் பிரிகின்றன.

முதல் படி: படத்துக்கு முன் 1922

எந்தப் படத்தையும் பார்ப்பதற்கு முன் பழங்கால எகிப்திய மன்னன் துட்டன்காமுனின் கல்லறை திறக்கப்பட்ட கதையைத் தெரிந்துகொள்ளுங்கள். எகிப்தில் அரசர்களின் பள்ளத்தாக்கு என்னும் இடத்தில், 1922 நவம்பர் 4 அன்று, ஆங்கிலேய அகழாய்வாளர் ஹோவார்ட் கார்ட்டரின் ஆட்கள் பாறையில் வெட்டிய படிக்கட்டின் முதல் படியைக் கண்டார்கள். நவம்பர் 26 அன்று, முத்திரையிட்ட இரண்டாவது கதவின் இடது மேல் மூலையில் கார்ட்டர் சிறிய துளை ஒன்று போட்டார். உள்ளே நச்சுக் காற்று இருக்கிறதா என்று பார்க்க மெழுகுவத்தியை நீட்டினார். பல நூற்றாண்டுகளாக அடைபட்டிருந்த சூடான காற்று வெளியேறிச் சுடரை ஆட்டியது. முதலில் ஒன்றும் தெரியவில்லை. கண் பழகப் பழக விலங்கு உருவங்களும் சிலைகளும் தங்கத்தின் மினுமினுப்பும் தெரியத் தொடங்கின. அகழாய்வுக்குப் பணம் கொடுத்து வந்த கார்னர்வன் பிரபு அருகில் நின்றார்; அவர் பொறுக்க முடியாமல், ஏதாவது தெரிகிறதா என்று கேட்டார்.

துளை, சுடர், காத்திருப்பு, பக்கத்தில் நிற்பவரின் பதற்றமான கேள்வி. நீங்கள் இனிப் பார்க்கப்போகும் படங்களில் இந்த நான்கும் வேறு வேறு வேடங்களில் வந்துகொண்டே இருக்கும்.

கல்லறையைத் திறந்தவர்களைச் சாபம் பிடிக்கும் என்ற கதை பிறந்த விதம் இன்னும் சுவாரசியமானது. கல்லறைச் செய்திகளை முந்தித் தரும் உரிமையை கார்னர்வன் லண்டன் ‘டைம்ஸ்’ நாளிதழுக்கு விற்றுவிட்டார். மற்ற பத்திரிகைகளின் செய்தியாளர்கள், சொந்த மண்ணின் எகிப்தியச் செய்தியாளர்கள் உட்பட, வாசலில் நிற்க வேண்டியதாயிற்று. செய்தி கிடைக்காத இடத்தில் வதந்தி விளைந்தது. 1923 ஏப்ரல் 5 அன்று கார்னர்வன் கெய்ரோவில் இறந்தார். கன்னத்தில் கொசு கடித்த இடம் சவரம் செய்யும்போது கீறிப்போய், கிருமி இரத்தத்தில் கலந்து, நிமோனியாவில் முடிந்தது. ஆனால் ஊர் உலகமெல்லாம் பேசியது சாபத்தைத்தான். கல்லறைக்குள் அப்படியொரு சாப வாசகம் கிடையாது. துளை போட்ட கார்ட்டரே 1939 வரை உயிரோடு இருந்தார்.

அந்தக் கல்லறையைப் பற்றி எழுத வந்த அமெரிக்கச் செய்தியாளர்களில் ஜான் பால்டர்ஸ்டன் என்று ஒருவர் இருந்தார். அவர் பெயரை நினைவில் வைத்திருங்கள்.

இரண்டாம் படி: ஆசை பிறக்க ஒரு படம்

பழைய படத்திலிருந்து தொடங்குவதுதான் முறை என்று சிலர் சொல்வார்கள். நான் ஒப்புக்கொள்ள மாட்டேன். முதலில் ஆசை பிறக்கட்டும், வரலாறு பின்னால் வரட்டும். ஸ்டீவன் ஸ்பீல்பெர்க் இயக்கிய ‘ரைடர்ஸ் ஆஃப் தி லாஸ்ட் ஆர்க்’ (1981) படத்தில் தொடங்குங்கள். தென் அமெரிக்கக் காட்டுக் கோயிலில் நடக்கும் தொடக்கக் காட்சி ஒன்றே இந்த வகையின் பால பாடம்: முதுகில் ஊரும் சிலந்திகள், ஒளிக்கற்றையில் கை பட்டால் பாயும் ஈட்டிகள், மிதித்தால் அம்பு எய்யும் தரைக்கற்கள், தங்கச் சிலையின் எடைக்கு ஈடாக வைக்கும் மணல் பை, துரத்தி வரும் உருண்டைப் பாறை. இவற்றையெல்லாம் பிறகு வந்தவர்கள் எவ்வளவு கடன் வாங்கினார்கள் என்பது போகப் போகத் தெரியும்.

இந்தப் படத்தை நல்ல ஸ்பீக்கரிலோ ஹெட்போனிலோ கேளுங்கள். அந்தப் பாறை உருளும் ஓசை, சரளைக்கல் சரிவில் இன்ஜினை அணைத்துவிட்டு உருள விட்ட ஹோண்டா சிவிக் காரின் ஓசை. நிலவறையில் ஆயிரக்கணக்கான பாம்புகள் நெளியும் வழவழப்பான சத்தத்தை, ஒலி வடிவமைப்பாளர் பென் பர்ட் சீஸ் போட்டு வேகவைத்த பதார்த்தத்துக்குள் விரல்களை அளைந்து எடுத்தார். நிலவறைப் படத்தில் பாதி பயம் காதில்தான் இருக்கிறது. மொபைல் போனின் சின்ன ஸ்பீக்கரில் பார்த்தால் அந்தப் பாதி போய்விடும்.

கதையில் வரும் டானிஸ் நகரம் உண்மையில் இருக்கிறது, நைல் கழிமுகத்தில். படம் சொல்வதுபோல் மணற்புயல் விழுங்கிய நகரம் அது இல்லை. ஆனால் 1939இல் பியர் மோன்டே என்ற பிரெஞ்சு ஆய்வாளர் அங்கே அரச கல்லறைகளைக் கண்டுபிடித்தார். மன்னன் சூசென்னெஸின் வெள்ளிச் சவப்பெட்டி அங்கிருந்து வந்ததுதான். உலகப் போரின் இரைச்சலில் அந்தச் செய்தி எடுபடவில்லை. துட்டன்காமுன் அளவுக்கு அது பேசப்பட்டிருக்க வேண்டும் என்பது என் ஆதங்கம்.

வீட்டில் சிறு பிள்ளைகள் இருந்தால் கடைசிப் பத்து நிமிடங்களில் கவனம் வேண்டும். முகங்கள் உருகும் காட்சி வருகிறது. இதன் வரிசையில் 1984இல் வந்த ‘டெம்பிள் ஆஃப் டூம்’ படத்தை முதல் சுற்றில் தவிர்த்துவிடலாம். இந்தியாவில் நடக்கும் அந்தக் கதை, இந்திய அரசின் அனுமதிச் சிக்கலால் இலங்கையின் கண்டிப் பகுதியில் படமாக்கப்பட்டது. நம் மக்களை அது காட்டும் விதம், குறிப்பாக அந்த விருந்துக் காட்சி, இன்றும் எரிச்சலூட்டுகிறது. அமெரிக்காவில் 13 வயதை ஒட்டிய புதிய தணிக்கைப் பிரிவு உருவானதற்கு அதன் கொடூரக் காட்சிகளும் ஒரு காரணம். 1989இல் வந்த ‘லாஸ்ட் குருசேட்’ படத்தைத் தாராளமாகப் பார்க்கலாம். அதில் ரகசியக் கோயிலாக வரும் செம்பாறை முகப்பு ஜோர்தானின் பெட்ரா நகரிலுள்ள கஸ்னே. படத்தில் உள்ளே நீண்ட பாதையும் பொறிகளும் உண்டு. நேரில் போனால் வெறும் சதுர அறைகள்தான். ஆனால் 2024இல் அதே கஸ்னேயின் அடியில் 12 எலும்புக்கூடுகளோடு ஒரு கல்லறை வெளிப்பட்டது.

மூன்றாம் படி: ஒரே பெயரில் பல மம்மிகள்

‘தி மம்மி’ என்று தேடினால் 1932, 1959, 1999, 2017 ஆகிய ஆண்டுகளின் படங்கள் வந்து நிற்கும். ஆண்டையும் சேர்த்துத் தேடுங்கள். உங்களுக்கு முதலில் வேண்டியது 1932.

கார்ல் ஃப்ராய்ண்ட் இயக்கியது, போரிஸ் கார்லாஃப் நடித்தது, ஒன்றேகால் மணி நேரத்துக்கும் குறைவானது. திரைக்கதை எழுதியவர் அந்த ஜான் பால்டர்ஸ்டன். வாசலில் காத்திருந்த செய்தியாளர் பத்தாண்டுகள் கழித்துத் திரைக்கதை வழியாகக் கல்லறைக்குள் போய்விட்டார்!

முதல் பத்து நிமிடங்களை விளக்கை அணைத்துவிட்டுப் பாருங்கள். அகழாய்வு முகாம். ஒரு பெட்டி, அதைத் திறக்கிறவனுக்கு மரணம் என்று எச்சரிக்கும் வாசகம். பெரியவர்கள் இருவரும் திறக்கலாமா கூடாதா என்று வாதிட வெளியே போய்விடுகிறார்கள். உதவியாளன் இளைஞன், அவனுக்கு ஆவல் தாங்கவில்லை. பெட்டியைத் திறந்து, உள்ளிருந்த சுருளை விரித்து, பென்சிலால் படியெடுத்துக்கொண்டே எழுத்துகளை மெல்ல முணுமுணுக்கிறான். அவனுக்குப் பின்னால் சாய்த்து வைத்த பெட்டியில் மம்மி. அதன் இமை மயிரிழை அளவு பிரிகிறது. மார்பில் மடக்கியிருந்த கை மெதுவாகச் சரிகிறது. பின்னணி இசை இல்லை. அடுத்து நாம் பார்ப்பது, மேசையிலிருக்கும் சுருளின்மேல் வந்து விழும் ஒரு கை. இளைஞன் அலறுகிறான், அலறல் சிரிப்பாக மாறுகிறது. எழுந்து நடக்கும் மம்மியை ஃப்ராய்ண்ட் காட்டுவதே இல்லை. வாசலைத் தாண்டித் தரையில் இழுபட்டுப் போகும் துணிக் கீற்றுகளோடு காட்சி முடிகிறது. கார்லாஃபுக்கு அந்த ஒப்பனை போட ஒரு நாளின் பெரும்பகுதி ஆனது. அவ்வளவு உழைப்பையும் இயக்குநர் சில விநாடிகள் மட்டும் காட்டிவிட்டு நிறுத்திக்கொண்டார். எனக்கு அவர் மீதுள்ள மரியாதை அந்த இடத்தில்தான் தொடங்கியது.

அந்த மம்மிக்கு இம்ஹோடெப் என்று பெயர். உண்மையான இம்ஹோடெப், சக்காராவிலுள்ள ஜோசெர் மன்னனின் படிக்கட்டுப் பிரமிடை வடிவமைத்தவர் என்று போற்றப்படுகிறவர். அவருடைய கல்லறை இன்றுவரை அகப்படவில்லை.

அடுத்து 1999. இது குடும்பத்தோடு பார்க்கும் உற்சாகமான படம், மொராக்கோவில் எடுத்தது. பயம் குறைவு, ஓட்டம் அதிகம். மனிதர்களைத் தின்னும் வண்டுகளைப் பார்த்துப் பயந்துவிட வேண்டாம். எகிப்தியர் புனிதமாகக் கருதியது சாண வண்டு, அது உருட்டுவதும் தின்பதும் சாணத்தை. 1959ஐ விருப்பமிருந்தால் பாருங்கள். 2017ஐ விட்டுவிடலாம்.

இடையில் ஒரு சரிபார்ப்பு

மூன்று நான்கு படங்கள் பார்த்ததும், இந்தப் பொறிகளெல்லாம் உண்மையா என்ற சந்தேகம் வரும். எகிப்தியக் கல்லறைகளில் அம்பு எய்யும் இயந்திரங்கள் கிடையாது. அவர்கள் நம்பியது கனத்தையும் குழப்பத்தையும்தான்: மேலிருந்து இறக்கும் கருங்கல் பலகைகள், பாதையை வெட்டும் ஆழ்குழிகள், எங்கும் போகாத பாதைகள். ஹவாராவில் மூன்றாம் அமெனெம்ஹத்தின் பிரமிடில் அடுத்த பாதைக்கான வழியைக் கூரையில் ஒளித்து வைத்திருந்தார்கள். இத்தனையையும் மீறிக் கொள்ளையர் உள்ளே புகுந்தார்கள். துட்டன்காமுன் கல்லறைக்குள்ளேயே பழங்காலத்தில் இரண்டு முறை புகுந்திருக்கிறார்கள்.

தானாக அம்பு எய்யும் வில்லும் பாதரச ஆறும் சீனத்துச் செய்தி. சின் பேரரசரின் கல்லறைக்குள் அவை இருந்ததாக வரலாற்றாசிரியர் சிமா சியான் எழுதி வைத்தார். 1974இல் உழவர்கள் கிணறு தோண்டும்போது அகப்பட்ட சுடுமண் படை அதே வளாகத்தைச் சேர்ந்தது. பேரரசர் கிடக்கும் அறையை இன்னும் யாரும் திறக்கவில்லை. மேட்டு மண்ணைச் சோதித்தபோது பாதரசத்தின் அளவு வழக்கத்தைவிட அதிகமாக இருந்தது.

இப்போதைய ஆய்வாளர்கள் சுத்தியலுக்கு முன் துகள்களை நம்புகிறார்கள். விண்ணிலிருந்து பொழியும் மியூவான்கள் கல்லை ஊடுருவும் அளவை வைத்து, கிசாவின் பெரிய பிரமிடுக்குள் குறைந்தது 30 மீட்டர் நீளமுள்ள வெற்றிடம் இருப்பதை 2017இல் அறிவித்தார்கள். 2023இல் அதே பிரமிடின் வடக்குப் புறத்தில் 9 மீட்டர் நடைபாதை ஒன்றை, கல் இடுக்கில் மெல்லிய கேமராவை நுழைத்துப் பார்த்து உறுதி செய்தார்கள்.

நான்காம் படி: மூச்சு முட்டும் படம்

சாகசம் பழகியபின் திகிலுக்கு வாருங்கள். ஜான் எரிக் டௌடல் இயக்கிய ‘அஸ் அபவ், ஸோ பிலோ’ (2014) பாரிஸ் நகரத்தின் அடியில் நடக்கிறது. அங்கே பழைய கல் குவாரிகளின் சுரங்கங்களில் சுமார் 60 லட்சம் பேரின் எலும்புகள் அடுக்கப்பட்டிருக்கின்றன. இடுகாடுகள் நிரம்பி வழிந்ததால் 18ஆம் நூற்றாண்டின் இறுதியில் அங்கே கொண்டுபோனார்கள். படக்குழு அனுமதி பெற்று அந்தச் சுரங்கங்களிலேயே படம்பிடித்தது. பாத்திரங்களின் தலையில் கட்டிய விளக்குதான் பெரும்பாலும் வெளிச்சம். எலும்புக் குவியலின் மேல் ஊர்ந்து போகும்போது கேமராக்காரர் இடுக்கில் சிக்கிக்கொள்ளும் காட்சியில் பேயும் இல்லை, பிசாசும் இல்லை, வெறும் இடநெருக்கடிதான். எனக்கு அந்தப் படத்திலேயே மிகவும் பயந்த இடம் அதுதான்.

லிஃப்டுக்குள் நின்றால் மூச்சு முட்டுகிறவர்கள், கேமரா ஆடினால் தலைசுற்றுகிறவர்கள் இதைத் தவிர்ப்பது நல்லது. இரவில் தனியாகப் பார்க்கும் துணிச்சலை முதல் முறையே காட்ட வேண்டாம். பிள்ளைகளுக்கு இது கூடவே கூடாது.

ஐந்தாம் படி: நம் பக்கத்து நிலவறைகள்

தமிழில் இந்த வகைக்குள் துணிந்து இறங்கிய படம் செல்வராகவனின் ‘ஆயிரத்தில் ஒருவன்’ (2010). இங்கும் ஆண்டு முக்கியம். 1965இல் அதே பெயரில் வந்த படம் வேறு. காணாமல் போன தொல்லியலாளரைத் தேடி, நாடுவிட்டுப் போன சோழ இளவரசனின் தடத்தில் ஒரு குழு போகிறது. நடராசர் வடிவில் விழும் நிழலுக்குள்ளேயே ஓடித் தப்பிக்கும் காட்சியைப் போல் ஒரு பொறியை வேறெந்த நாட்டுப் படத்திலும் நான் பார்த்ததில்லை. மூன்று மணி நேரம் ஓடும். வேகம் சீராக இல்லை. ஆனாலும் இடைவேளைக்குப் பின் படம் செய்யும் காரியத்துக்காகவே பாருங்கள். கதவுக்கு அந்தப் பக்கம் ஒரு கூட்டம் பசியோடு வாழ்ந்துகொண்டிருக்கிறது. தேடிப் போனவர்களைவிட அவர்கள் பெரிதாகிவிடுகிறார்கள். கதவு யாருடையது என்ற கேள்விக்கு இவ்வளவு நேரடியாக முகம் கொடுத்த படங்கள் குறைவு.

அடுத்து இந்தியில் ராஹி அனில் பர்வே இயக்கிய ‘தும்பாட்’ (2018). இந்தப் பட்டியலில் ஒன்றே ஒன்றுதான் பார்க்க நேரமிருக்கிறது என்றால் இதைத்தான் சொல்வேன். மகாராஷ்டிரத்தில் ஓயாத மழையில் நனைந்த பாழடைந்த மாளிகை. அதன் ஆழத்தில், ஒரு கிணற்றின் வழியாக இறங்கினால், தேவியின் கருவறை. கருவறை என்றால் கல்லால் கட்டியது என்று நினைத்துவிடாதீர்கள். சிவந்த சதையாகத் துடிக்கும் சுவர்கள். அங்கே அடைபட்டிருக்கிறான் ஹஸ்தர், தங்கம் முழுவதும் வைத்திருந்தும் பசி அடங்காத தேவமகன். கதாநாயகன் கயிற்றில் இறங்கி, தன்னைச் சுற்றி மாவால் வட்டம் போட்டு, மாவுப் பொம்மையைக் காட்டி ஹஸ்தரை வரவழைத்து, அவன் அதைத் தின்பதற்குள் இடுப்புத் துணியிலிருந்து நாணயங்களைப் பறித்துக்கொண்டு ஏறிவிட வேண்டும்.

மற்ற படங்களில் அறையை ஒரு தடவைதான் திறப்பார்கள். இங்கே அது பிழைப்பு. கைநிறைய நாணயம், செலவு, மறுபடி கிணறு. பிறகு மகனுக்கும் அந்தத் தொழிலைச் சொல்லிக்கொடுக்கிறான். வெள்ளைக்காரன் ஆட்சியின் கடைசி முப்பது ஆண்டுகள் பின்னால் ஓடிக்கொண்டிருக்க, ஒரு குடும்பத்தின் பேராசை பரம்பரைச் சொத்தாகக் கைமாறுகிறது. முதலில் வெளியானபோது ஓரளவுக்குத்தான் ஓடியது. 2024 செப்டம்பரில் மறுபடி திரையரங்குக்கு வந்தபோது கூட்டம் அள்ளியது. முடிந்தவரை பெரிய திரையில் பாருங்கள். அந்த இருட்டும் சிவப்பும் சின்னத் திரையில் கலங்கிப்போகும்.

நிலவறை என்றதும் நம்மில் பலருக்குத் திருவனந்தபுரம் நினைவுக்கு வரும். உச்ச நீதிமன்ற ஆணைப்படி 2011இல் பத்மநாபசுவாமி கோயிலின் நிலவறைகளைத் திறந்து கணக்கெடுத்தார்கள். ‘பி’ அறை மட்டும் அந்தக் கணக்கெடுப்பில் திறக்கப்படாமல் நின்றது. கோயில், அரச குடும்பம், அரசு, நீதிமன்றம் என்று எத்தனை பேர் அந்தக் கதவின் முன் நின்றார்கள் என்று பாருங்கள்.

ஆறாம் படி: கதவுக்குச் சொந்தக்காரர்கள் சொல்லும் கதை

இதுவரை வந்தவர்கள் அவசரப்படாமல் பார்க்க வேண்டியது ‘அல்-மூமியா’. எகிப்தியரான ஷாதி அப்தெல் சலாம் 1969இல் எடுத்து முடித்தது. அவருடைய ஒரே முழுநீளக் கதைப்படம். பெயரில் மம்மி இருந்தாலும் எதுவும் எழுந்து நடக்காது.

அடித்தளம் உண்மைச் சம்பவம். எகிப்தின் லக்சோர் நகருக்கு நைலின் எதிர்க்கரையில் அப்த் அல்-ரசூல் குடும்பத்தார் ஒரு பாறைக் குழியில் அரசர்களின் உடல்கள் ஒளித்து வைக்கப்பட்டிருப்பதைக் கண்டுபிடித்து, பொருட்களைச் சிறிது சிறிதாக விற்று வந்தார்கள். 1881இல் ரகசியம் உடைந்தது. இரண்டாம் ராமசேஸ் உள்ளிட்ட பேரரசர்களின் உடல்கள் அங்கிருந்து கெய்ரோவுக்குப் போயின.

படத்தில் தலைவர் இறந்ததும் அவருடைய மகன்கள் இருவரையும் சிற்றப்பன்மார் குகைக்குக் கூட்டிப் போகிறார்கள். ஒரு மம்மியின் கட்டுகளைக் கிழித்து, கண் வடிவத் தங்க நகை ஒன்றைப் பறித்து, விற்கக் கொடுக்கிறார்கள். குலம் இத்தனை நாள் சாப்பிட்டது இதில்தான் என்று அந்தப் பிள்ளைகளுக்கு அப்போதுதான் புரிகிறது. மூத்தவன் மறுக்கிறான்; உயிரை விடுகிறான். இளையவன் வனிஸ், கெய்ரோவிலிருந்து வந்திருக்கும் அதிகாரியிடம் சொல்வதா, குலத்தோடு நிற்பதா என்று பாழ்நிலத்தில் அலைகிறான். சொன்னால் இறந்தவர்களுக்கு மதிப்பு. உயிரோடு இருப்பவர்களுக்குப் பட்டினி. படம் இரண்டு பக்கத்தையும் கைவிடவில்லை. வசனம் இலக்கிய அரபு மொழியில், நிதானமாக வருகிறது. சப்டைட்டில் அவசியம், மீட்டெடுக்கப்பட்ட பிரதியைத் தேடுங்கள். முதல் கால் மணி நேரம் மெதுவாகப் போகிறதே என்று நிறுத்திவிட வேண்டாம்.

இதோடு ஃபெல்லினியின் ‘ரோமா’வில் (1972) ஒரே ஒரு காட்சி போதும். மெட்ரோ ரயிலுக்குச் சுரங்கம் தோண்டும் இயந்திரம் இரண்டாயிரம் ஆண்டு பழைய ரோமானிய வீட்டின் சுவரை உடைக்கிறது. உள்ளே சுவர் முழுதும் ஓவியங்கள், நேற்று வரைந்ததுபோல் பளிச்சென்று. வெளிக்காற்று நுழைகிறது, பார்த்துக்கொண்டிருக்கும்போதே முகங்கள் மங்கிச் சுவரோடு சுவராகின்றன. யாராலும் ஒன்றும் செய்ய முடியவில்லை. சாபமே இல்லாத இந்தக் காட்சி எனக்கு எந்த மம்மி படத்தையும்விடப் பயங்கரம். 2018இல் வந்த ‘ரோமா’ வேறு, குழப்பிக்கொள்ள வேண்டாம். ஆலிஸ் ரோர்வாகர் இயக்கிய ‘லா கிமேரா’ (2023), இத்தாலியின் பழங்குடிகளான எட்ருஸ்கன் மக்களின் கல்லறைகளிலிருந்து பொருட்களைத் திருடி விற்பவர்களின் கதை. இதை ரசித்தவர்கள் அதையும் விட மாட்டார்கள்.

ஏழாம் படி: இதற்குப் பிறகு

இனி நீங்களே தேடலாம். இரண்டு யோசனைகள் மட்டும். கேமராவில் ஒருவர் பதிவு செய்துகொண்டே கல்லறைக்குள் போகும் மலிவுப் படங்கள் நிறையக் கிடைக்கும். டிரெய்லரிலேயே பேயின் முகத்தைக் காட்டிவிட்டால் அந்தப் படத்தை நம்பாதீர்கள், முழுப் படத்திலும் வேறு சரக்கு இருக்காது. கிழக்கு ஆசியப் பக்கம் திரும்பினால், கொரியாவில் ஒரு கோடிப் பேருக்கு மேல் திரையரங்கில் பார்த்த ‘எக்ஸுமா’ (2024) நல்ல வாசல். மண்ணின் வாகு பார்த்துச் சமாதிக்கு இடம் சொல்கிறவரும் ஒரு பெண் பூசாரியும் ஒரு பணக்காரக் குடும்பத்து மூதாதையின் சமாதியைத் தோண்டுகிறார்கள். அதைக் கொரிய மொழியிலேயே, சப்டைட்டிலோடு பாருங்கள். சடங்குக் காட்சியில் அந்தப் பெண்ணின் குரல் ஏறி இறங்குவதை டப்பிங்கில் எதிர்பார்க்க முடியாது.